பிலிப் ஏலத்தில் எடுத்த பஸ்

சித்தூர்,
ஞாயிற்றுக்கிழமை, ஆராதனை முடிந்து சாப்பிட்ட பிறகு.

கர்த்தருக்குள் பிரியமான மாப்பிள்ளை சாம்ராஜ் அவர்களுக்கு,

மாமா அசரியா எழுதிக்கொள்வது. எனக்கு முழங்காலும் உங்கள் அத்தைக்குக் கோபமும் நீங்கலாக, இங்கே நாங்கள் இருவரும் தேவ கிருபையால் சுகம். அங்கே புனேயில் நீங்களும் தபிதாவும் சுகம் என்று நேற்று போனிலேயே கேட்டுத் தெரிந்துகொண்டேன் என்றாலும், கடிதம் என்று வந்துவிட்டால் கேட்டுத்தான் ஆகவேண்டும் என்பதால் மறுபடியும் கேட்கிறேன், சுகம்தானே? போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று நீங்கள் நினைக்கலாம். போனில் நான் "மாப்பிள்ளே, ஒரு விஷயம்" என்று ஆரம்பித்த உடனே தபிதா போனைப் பிடுங்கி "நைனா, மாத்திரை போட்டியா?" என்கிறாள். அதற்கு நான் பதில் சொல்லி முடிப்பதற்குள் அவளுக்கு ஆபீஸிலிருந்து கால் வந்துவிடுகிறது. கடிதத்தைப் பிடுங்கிக்கொண்டாலும் அது பாட்டுக்குப் பேசிக்கொண்டிருக்கும். அதனால்தான் ஸ்பீட் போஸ்ட்.

விஷயம் இதுதான். நேற்று நீங்கள் போகிற போக்கில் ஒரு வார்த்தை சொன்னீர்கள். "மாமா, அந்த கேம் பெட்டிக்கு வருஷ சந்தா இந்த மாசக் கடைசியில முடியுது, எனக்கு ஆட நேரமில்ல, இனிமே கட்டப் போறதில்ல" என்றீர்கள். நீங்கள் சாதாரணமாகச் சொல்லிவிட்டீர்கள், எனக்கு அதற்கப்புறம் சோறு இறங்கவில்லை. தயவுசெய்து நிறுத்திவிடாதீர்கள். இன்னும் ஒரே ஒரு மாதத்துக்கு மட்டும் கட்டுங்கள், அதற்குமேல் கேட்கமாட்டேன். ஏன் என்று சொல்லுகிறேன். கொஞ்சம் நீளமாக இருக்கும், சித்தூரில் ஏறித் திருப்பதியில் இறங்குகிற மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள், நடுவில் பாகாலாவில் டீக்கு நிற்கும்.

முதலில் அந்தத் திட்டத்தைப் பற்றி நாலு நல்ல வார்த்தை சொல்லவேண்டும். நீங்கள் திருப்பதி வீட்டைக் காலி செய்துகொண்டு புனே கிளம்பும்போது அந்த வெள்ளைப் பெட்டியை "இப்போதைக்கு உங்ககிட்ட இருக்கட்டும் மாமா" என்று கொடுத்தீர்கள். திருப்பதியிலிருந்து அதை மடியில் வைத்துக்கொண்டே பஸ்ஸில் வந்தேன். கண்டக்டர் பையன் லக்கேஜ் டிக்கெட் போடட்டுமா என்று கேட்டான், "நானும் கண்டக்டரா இருந்து ரிட்டையர் ஆனவன்தான்டா" என்றேன், அவன் அப்படியும் போட்டான், நல்ல பையன். அப்புறம் நீங்கள் வந்து டிவியில் மாட்டிவிட்டு ஒரே ஒரு பாடம் சொல்லிக்கொடுத்தீர்கள். ஒவ்வொரு மாதமும் முதல் செவ்வாய்க்கிழமை இரண்டு மூன்று ஆட்டம் சும்மா வரும், பட்டனை அமுக்கி நம் பேரில் சேர்த்துக்கொள்ள வேண்டும், சந்தா இருக்கிற வரைக்கும் அது நம்முடையது. சும்மா வருவது என்றாலே சர்வீஸில் இருந்த காலத்தில் எனக்கு ஆகாது. பஸ்ஸில் சும்மா வருகிறவனைப் பிடிப்பதுதான் என் வேலையே. ஆனால் மாப்பிள்ளை, இது சொன்னபடி வந்தது, ஒரு மாதம்கூடத் தவறவில்லை. ஒருமுறை கடலுக்கடியில் மீனாக நீந்துகிற ஆட்டம் வந்தது. யாரையும் அடிக்க வேண்டாம், ஜெயிக்கவும் வேண்டாம், நீந்தினால் போதும். இப்படி ஒன்றை உட்கார்ந்து செய்தவன் எப்பேர்ப்பட்ட நல்ல மனுஷனாக இருக்கவேண்டும்! இன்னொருமுறை தோட்டம் போட்டுத் தண்ணீர் ஊற்றுகிற ஆட்டம், அதில் மழை பெய்ததும் உங்கள் அத்தை மாடிக்குப் போய்த் துணி எடுத்துவந்தாள். முகம் தெரியாத ஜனங்கள் எந்த ஊரிலோ வருஷக்கணக்காக உட்கார்ந்து ஒவ்வொரு இலையாகச் செய்ததை நம் சித்தூர் வீட்டு ஹாலுக்கு அனுப்பிவிட்டு, ஆடினாயா, பிடித்திருந்ததா என்று ஒரு வார்த்தை கேட்பதில்லை. சீர் கொடுத்துவிட்டு நானே உங்களை இரண்டு முறை கேட்டிருக்கிறேன்.

உங்கள் அத்தைக்கு மட்டும் இதில் முழு நம்பிக்கை வரவில்லை. பக்கத்து வீட்டுத் தாட்சாயணி அம்மா திருமலை தரிசன டிக்கெட் ஆன்லைனில் திறக்கிற அன்றைக்குக் குளித்துவிட்டு, போனும் லேப்டாப்புமாக உட்கார்ந்து, கண் இமைக்காமல் பார்த்துக்கொண்டிருப்பார். கண்ணை மூடித் திறப்பதற்குள் தீர்ந்துவிடுமாம். அதைப் பார்த்துப் பார்த்து இவளும் முதல் செவ்வாய்க்கிழமை விடிந்ததும் குளித்து, சமையலை முடித்து, டிவி முன்னால் உட்கார்ந்துவிடுகிறாள். "மேரி, இது மாசம் பூரா அங்கயேதான் இருக்கும், உலகத்துல எல்லாருக்கும் இருக்குது" என்று சொன்னால், "தீர்ந்து போச்சின்னா அப்புறம் நீங்களா குடுப்பீங்க?" என்கிறாள். துப்பாக்கி ஆட்டம் வந்தாலும் சேர்த்து வைப்பாள். "இத எதுக்கும்மா எடுத்த, சுடப்போறியா?" என்றால், "சுடறதுக்கு இன்னா இருக்குது, வீடு தேடி வந்தத வேணாம்னு சொல்லக்கூடாது" என்பாள். இதுவரை வந்த அத்தனையும் நம் வீட்டில் பத்திரமாக இருக்கிறது. அதில் ஒன்று மட்டும் வேறு கதை. அந்த ஒன்று நம்முடையது இல்லை, அதனால்தான் இந்தக் கடிதம்.

போன நவம்பரில் ஒரு பஸ் ஓட்டுகிற ஆட்டம் வந்தது. அதே மாதம்தான் நம் சபையில் அறுப்பின் பண்டிகை. உங்களுக்குத் தெரியும், நிலம் உள்ளவர்கள் நெல், வாழைத்தார், பூசணிக்காய், கோழி என்று கொண்டுவந்து படைப்பார்கள். நிலம் இல்லாதவர்கள் அந்த மாதம் வீட்டுக்கு முதலில் எது வந்ததோ அதில் ஒன்று. ஆராதனை முடிந்ததும் எல்லாம் வேப்பமரத்தடியில் ஏலம் போகும். வருஷா வருஷம் உங்கள் அத்தை ஒரு தூக்கு முறுக்கு சுட்டு வைப்பாள், அதோடு தீர்ந்தது. அந்த வருஷம் பார்த்து அவளுக்கு மனசாட்சி குத்த ஆரம்பித்துவிட்டது. "மாசா மாசம் உழைக்காம வந்துக்கினு இருக்குது, எல்லாத்தையும் நாமே வெச்சிக்கினு இருக்கிறோம். இந்த மாசம் மொதல்ல வந்தது கர்த்தருக்கு" என்றாள். "டிவிக்குள்ள இருக்கிறத எப்படிம்மா கோயிலுக்குத் தூக்கினு போறது?" என்று கேட்டேன். "அது உங்க வேல" என்றாள். நான் டிவியில் தெரிந்த பஸ்ஸைப் போனில் படம் பிடித்து, ஜெராக்ஸ் கடையில் கலரில் போட்டு, லேமினேஷனும் செய்து கொண்டுபோய் ஒரு பெரிய பூசணிக்காய் மேல் சாய்த்து வைத்தேன். போதகர் ஐயகாரு எல்லாவற்றையும் ஆசீர்வதித்து ஜெபம் பண்ணும்போது, ஒரு கண்ணைத் திறந்து அதைப் பார்த்துவிட்டு மூடிக்கொண்டார்.

இங்கே பிலிப் யார் என்று சொல்லியாக வேண்டும். உங்கள் கல்யாணத்தில் நீங்கள் அவனைப் பார்த்திருக்க முடியாது, ஏனென்றால் நான் அவனைக் கூப்பிடவில்லை. சித்தூர்–திருப்பதி பஸ்ஸில் அவன் டிரைவர், நான் கண்டக்டர். ஒரே டப்பாவில் துன்னவர்கள் நாங்கள். டிபார்ட்மெண்டில் எங்களைப் பிரித்து டூட்டி போட்டால் இரண்டு பேரும் லீவு போட்டுவிடுவோம். அப்படி இருந்தவர்களைப் பாகாலா பஸ் ஸ்டாண்டில் ஒரு புளியமரம் பிரித்தது. அவன் வண்டியை ரிவர்ஸ் எடுத்தான், நான் பின்னால் நின்று விசில் ஊதினேன், வண்டி நிற்காமல் போய் மரத்தில் இடித்து, பின்கண்ணாடி நொறுங்கி, மரத்தடியில் அடுக்கியிருந்த வியாபாரி நாகேந்திரனுடைய தக்காளிப் பெட்டி அத்தனையும் சட்டினியாகிவிட்டது. ஆளுக்கு ஒன்றும் ஆகவில்லை. விசாரணையில் அவன் "விசில் சத்தம் வரல சார்" என்றான். நான் "ஊதினேன் சார்" என்றேன். இரண்டு பேருக்கும் மெமோ கொடுத்து அனுப்பிவிட்டார்கள், அன்றோடு பேச்சு நின்றது. ஒன்பது வருஷம். ஒரே கோயில், ஒரே பந்தி, பேச்சு மட்டும் இல்லை. நான் ஊதினேன் மாப்பிள்ளை, ஊதினேன் என்று இன்றைக்கும் சொல்லுவேன்.

எங்கள் சண்டையால் லாபம் சபைக்குத்தான். ஏலத்தில் நான் ஒரு பொருளைக் கேட்டால் அவன் ஏற்றுவான், அவன் கேட்டால் நான் ஏற்றுவேன், போன தடவை ஒரு பரங்கிக்காயை ஆட்டு விலைக்கு எடுத்து வந்து உங்கள் அத்தையிடம் வாங்கிக் கட்டிக்கொண்டேன். ஐயகாரு எங்களைச் சமாதானம் பண்ணி வைக்காததற்குக் காரணமே இதுதான் என்று அவள் சொல்லுவாள், அது எனக்குத் தெரியாது. அன்றைக்கு ஏலம் விட்டவர் கமிட்டி மெம்பர் எலிசா. லேமினேஷனைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்து, "ஒக பஸ்ஸு! டயர் வேணாம், டீசல் வேணாம், எஃப்.சி. கூட காட்ட வேணாம்!" என்று கூவினார். சிரித்தார்களே தவிர ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. படைத்த பொருளை யாரும் கேட்காவிட்டால் வீட்டுக்காரனுக்கு அவமானம் அல்லவா, நானே கேட்டேன். நான் கேட்டேனா, பின்னால் சுவரோரம் நின்றிருந்த பிலிப்புக்கு அது என்ன பொருள் என்றே தெரியாது, கையைத் தூக்கிவிட்டான். நான் ஏற்றினேன். அவன் ஏற்றினான். ஒருத்தரை ஒருத்தர் பார்க்காமல் எலிசாவின் முகத்தைப் பார்த்தே இரண்டு பேரும் ஏற்றினோம். கடைசியில் உங்கள் அத்தை என் சட்டையைப் பிடித்து உட்காரவைத்தாள். "ஒகடோசாரி, ரெண்டோசாரி, மூடோசாரி!" பஸ் பிலிப்புக்குப் போயிற்று.

மறுநாள் எலிசா வந்து வாசலில் நிற்கிறார். பிலிப் எதிர்ச் சாரியில், நம் வீட்டுப் பக்கம் பார்க்காமல் நிற்கிறான். "பஸ்ஸக் குடுங்க, எத்துக்கினு போறோம்" என்கிறார் எலிசா. உடனே உங்களுக்கு போன் போட்டேன், ஞாபகம் இருக்கும், நீங்கள் சிரித்து முடிக்கிற வரைக்கும் நான் காத்திருந்தேன். அதை யாருக்கும் கொடுக்க முடியாது மாமா, அது என் அக்கவுண்ட்டோடு ஒட்டியது, அந்தப் பெட்டியிலதான் ஓடும் என்று சொன்னீர்கள். பிலிப் கட்டின பணமோ சபைக்குப் போய்விட்டது. காணிக்கைப் பெட்டியில் விழுந்தது திரும்பி வராது. கர்த்தர் பேரில் விற்ற பொருளைக் கொடுக்கவில்லை என்றால் அது நானா திருடினது, சபையா திருடினது? ஐயகாருவிடம் போனோம். அவர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, தாடையைத் தடவிக்கொண்டு, "சாமான் வாங்கினவன் வீட்டுக்குப் போவ முடியாதுன்னா, வாங்கினவன் சாமான் இருக்கிற வீட்டுக்குப் போவட்டும்" என்று தீர்ப்பு சொல்லிவிட்டார். தினமும் சாயங்காலம் ஐந்து மணிக்குப் பிலிப் நம் வீட்டுக்கு வரவேண்டும், விளக்கு வைக்கிற நேரம் வரைக்கும் அவனுடைய பஸ்ஸை அவன் ஓட்டிக்கொள்ள வேண்டும், நான் தடுக்கக்கூடாது. மனுஷன் சமாதானம் பண்ணமாட்டார் என்று இத்தனை வருஷம் தப்பாக நினைத்துவிட்டோமோ என்று உங்கள் அத்தையே சொன்னாள்.

வந்தான். தலைக்கு எண்ணெய் வைத்துப் படிய வாரி, செருப்பை வெளியில் விட்டு, என்னைப் பார்க்காமல் உட்கார்ந்தான். அவன் ஒரு ஓரம், நான் ஒரு ஓரம், நடுவில் ஒரு ஆள் உட்காருகிற இடம். "மேரியக்கா, வண்டி எடுக்கலாமா?" என்றான். முன்னெல்லாம் ஸ்டியரிங்கைப் பிடித்து ஒரு சின்ன ஜெபம் பண்ணிவிட்டுத்தான் வண்டி எடுப்பான், இப்போதும் அந்தக் கன்ட்ரோலரை இரண்டு கையிலும் பிடித்துக்கொண்டு கண்ணை மூடினான், நானும் பழக்கதோஷத்தில் மூடிவிட்டேன். திறந்ததும், "அக்கா, கிளட்ச் எங்க இருக்குது கேளு" என்றான். அவள் என்னைக் கேட்டாள். நான் கையெட்டுகிற தூரத்தில் உட்கார்ந்துகொண்டு, "கிளட்ச் இல்லன்னு சொல்லு மேரி" என்றேன். "கிளட்ச் இல்லாம இன்னா வண்டி இதுன்னு கேளு" என்றான். இந்தத் தபால் வேலையில் அவளுக்குப் பொரியல் தீய்ந்துபோயிற்று.

ஆனால் மாப்பிள்ளை, அந்த ஆட்டத்தைச் செய்தவர்களுக்குக் கோயில் கட்டலாம், நம் வேதத்தில் இடமில்லை. பஸ் ஓடினால் அதன் உடம்பு ஆடுகிறது. மழை பெய்தால் கண்ணாடியில் ஒவ்வொரு சொட்டாக ஒழுகுகிறது, வைப்பர் கிறீச் என்கிறது. ஸ்டாப்பில் நிற்கிற ஜனம் குடையை மடக்கிவிட்டு ஏறுகிறது. ஏதோ குளிர் நாடு, ரோடெல்லாம் பனி, "ரோட்ல மாவு கொட்டி வெச்சிருக்கிறானுங்கோ" என்றான் பிலிப் மெதுவாக, அது யாருக்குச் சொன்னது என்று தெரியவில்லை. முதலில் சின்ன பஸ், ஊருக்குள் ஓட்டம், ஒழுங்காக ஓட்டினால் பெரிய பஸ், நீள ரூட், கடைசியில் மலை ரோடு, நம் மொகிலி கணவாய் ரோட்டை விட வளைவு ஜாஸ்தி, அதை ஓட்டி முடித்தால் மெடல். எனக்கு ஒரே ஒரு குறை. டிக்கெட்டை மிஷினே கொடுக்கிறது. அந்த ஊரில் கண்டக்டரே கிடையாது. நான் பார்த்துப் பார்த்து வயிறெரிந்தேன்.

மூன்றாம் நாளோ நாலாம் நாளோ, டிப்போவுக்குள் வண்டியை ரிவர்ஸ் எடுக்க வேண்டி வந்தது. பிலிப் எடுத்தான். பின்னால் ஒரு சுவர். அவன் பக்கக் கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருக்கிறான், டிவியின் ஓரத்தில் சுவர் வருவது எனக்குத் தெரிகிறது. வண்டி போகிறது, போகிறது, பேசக்கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன், அப்புறம் என்னை அறியாமல் எழுந்து நின்று "ஸ்டாப்! ஸ்டாப்பு! ஹோல்டான்!" என்று கத்திவிட்டேன். பிலிப் கட்டைவிரலால் அமுக்க வேண்டிய பிரேக்கை வலதுகாலால் தரையில் ஓங்கி மிதித்தான். விரலும் சேர்ந்து அமுங்கியிருக்க வேண்டும், வண்டி சுவருக்கு ஒரு முழம் முன்னால் நின்றது. அடுப்படியில் உங்கள் அத்தை கரண்டியைப் பிடித்தபடி நிற்கிறாள். பிலிப் டிவியைப் பார்த்துக்கொண்டே, "இந்த ஊர்ல கண்டக்டர் வெக்காம வுட்டுட்டானுங்கோ, அதான் இடிச்சிக்கினே கெடக்குது" என்றான். அப்புறம், "ரிவர்ஸ் போலாமா கண்டக்டரே?" என்றான். நேராக என்னைப் பார்த்து, மேரி நடுவில் இல்லாமல். மூக்கைத் துடைத்துக்கொண்டுதான் "போலாம் ரைட்" என்று சொன்னேன்.

அன்றிலிருந்து நடுவில் இருந்த ஆள் இடத்தில் முறுக்குத் தட்டு. நான் பரணில் தேடி என் விசிலை எடுத்துவிட்டேன். ஸ்டாப் வந்தால் ஒரு விசில், கிளம்ப இரண்டு, ரிவர்ஸுக்கு நீளமாக. தாட்சாயணி அம்மா சுவருக்கு அந்தப் பக்கமிருந்து "ஏமண்டி, இன்னைக்கி பஸ்ஸு லேட்டா?" என்று கேட்கிறார். பிலிப் இரண்டு வாரத்தில் காக்கிச் சட்டையை இஸ்திரி போட்டு மாட்டிக்கொண்டு வந்துவிட்டான், வயிற்றில் ஒரு பட்டன் சேரவில்லை. அவன் பெண்சாதி போய் வருஷம் மூன்று ஆகிறது, பிள்ளைகள் கல்ஃபில். அவள் அடக்கத்துக்கு நான் போய் வாசலில் நின்றுவிட்டு வந்தேன், உள்ளே போகவில்லை. அதைப் பற்றி அவனும் பேசவில்லை, நானும் பேசவில்லை, பனி ரோட்டில் வண்டி ஓட்டிக்கொண்டிருக்கிறோம். ரிட்டையர் ஆன பிறகு சாயங்காலம் ஐந்து மணி என்பது எனக்கு என்ன செய்வதென்றே தெரியாத நேரமாக இருந்தது. இப்போது நாலரைக்கே சட்டை மாற்றிவிடுகிறேன்.

இப்போது சிக்கலுக்கு வருகிறேன். ஏலம் போனது நவம்பரில், இன்றைக்கு ஜூலை, பிலிப் இன்னும் அந்த ஆட்டத்தை முடிக்கவில்லை. திறமை இல்லாமல் இல்லை. அந்தப் பெட்டியில் ஏதோ கோளாறு இருக்கிறது, நீங்கள்தான் பார்க்கவேண்டும். அவன் அரும்பாடுபட்டு மலை ரோடு வரைக்கும் வந்துவிடுகிறான். மறுநாள் வந்து திறந்தால் ஒன்றுமே இல்லை, "புதிய ஆட்டம்" என்று சின்ன பஸ்ஸைக் காட்டுகிறது. இப்படி மூன்று முறை ஆகிவிட்டது. கரண்ட் போனதால் என்று நினைத்து இன்வெர்ட்டர் இணைப்பு கொடுத்தேன். பெட்டிக்குள் பல்லி போகிறதோ என்று சுற்றிலும் மயிலிறகு வைத்தேன். ஒன்றும் நடக்கவில்லை. நானாக இருந்தால் பெட்டியைத் தூக்கிப் போட்டு உடைத்திருப்பேன். பிலிப் பாவம், ஒரு வார்த்தை சலித்துக்கொள்ளவில்லை. "வுடு கண்டக்டரே, மொதல்லயிருந்து போவலாம், நமக்கு இன்னா அவசரம்" என்று சின்ன பஸ்ஸில் ஏறிவிடுகிறான். அப்படி ஒரு பொறுமை அவனுக்குச் சர்வீஸில் இருந்ததில்லை, முன்னால் மாட்டு வண்டி போனால் ஹாரனிலேயே கையை வைத்திருப்பான். வயசு ஆளை மாற்றிவிடுகிறது. ஆச்சரியமான மனுஷனாக ஆகிவிட்டான்.

இந்த மாதக் கடைசியில் நீங்கள் சந்தாவை நிறுத்தினால் சேர்த்து வைத்தது எல்லாம் பூட்டிக்கொள்ளும் என்று எனக்குத் தெரியும். எனக்கு இது புரிவதில் கஷ்டமே இல்லை, சபைச் சந்தா கட்டாதவனுக்கு ஓட்டு கிடையாது, கல்லறைத் தோட்டத்தில் இடமும் இழுபறிதான், கட்டினால் எல்லாம் திரும்பி வரும். மற்ற ஆட்டங்கள் போகட்டும், மீன் போகட்டும், தோட்டம் போகட்டும். பஸ் மட்டும் பிலிப்புடையது. சபை முன்னால் ஏலத்தில் எடுத்தவனிடம் போய், "வண்டி நின்னுபோச்சிப்பா, இனிமே வராத" என்று நான் எந்த வாயால் சொல்லுவேன்? பென்ஷனிலிருந்து நானே கட்டிவிடுவேன், அந்தப் பெட்டி உங்கள் கார்டைத் தவிர வேறு எதையும் ஏற்கமாட்டேன் என்கிறது. இப்போது நாலாம் முறையாக மலை ரோட்டுக்குப் பக்கத்தில் வந்துவிட்டான். ஒரு மாதம் கொடுத்தால் மெடல் வாங்கிவிடுவான், பொருளை ஒப்படைத்த திருப்தி எனக்கு, அதற்கப்புறம் நீங்கள் தாராளமாக நிறுத்திக்கொள்ளலாம். எனக்கென்று இதில் ஒன்றும் இல்லை, அந்த வயதைத் தாண்டிவிட்டேன். எல்லாம் சபையின் மானத்துக்காகத்தான். அந்த அழிந்துபோகிற கோளாறுக்கும் ஒரு வழி சொல்லுங்கள், ஆள் அனுப்ப முடிந்தால் அனுப்புங்கள்.

தபிதாவுக்கு என் முத்தங்கள். மாத்திரை போட்டுவிட்டேன் என்று சொல்லவும். ஆண்டவர் உங்கள் இருவருக்கும் குழியில்லாத ரோட்டையும் கேட்கிற பிரேக்கையும், பின்னால் நின்று சத்தமாக விசில் ஊதுகிற ஒரு ஆளையும் எந்நாளும் தருவாராக.

இப்படிக்கு,
உங்கள் அன்புள்ள மாமா,
ப. அசரியா

பி.கு: மேலே எழுதியதை உங்கள் அத்தையிடம் படித்துக் காட்டினேன். சபையின் மானம் வரைக்கும் சும்மா கேட்டவள், ஆள் அனுப்புங்கள் என்ற இடத்தில் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சிரிக்க ஆரம்பித்துவிட்டாள். "பெட்டில ஒரு கோளாறும் இல்ல. நீங்க டீ எடுத்தாரப் போவ சொல்லோ, பிலிப்பு இன்னாமோ அமுக்கறாரு, நெஜமாவே அழிக்கட்டுமான்னு அது ரெண்டு வாட்டி கேக்குது, அவரும் ரெண்டு வாட்டி ஆமான்றாரு. மூணு தபாவும் அடுப்படிலருந்து நான் பாத்தேன். உங்களுக்குத் தெரியும்னு இல்ல நெனச்சிக்கினு இருந்தேன்" என்கிறாள். ஆகவே மாப்பிள்ளை, ஆள் யாரையும் அனுப்ப வேண்டாம். ஒரு மாதம் என்று எழுதியிருக்கிற இடத்தையெல்லாம் தயவுசெய்து அடித்துவிட்டு ஒரு வருஷம் என்று படித்துக்கொள்ளவும். சபையின் மானத்தையும் அடித்துவிடலாம். எனக்கு விஷயம் தெரியும் என்று நான் பிலிப்பிடம் காட்டிக்கொள்ளப் போவதில்லை. நாளையிலிருந்து டீ எடுத்துவரப் போனால் கொஞ்சம் மெதுவாகவே திரும்பலாம் என்றிருக்கிறேன். அவசரத்தில் கை தவறி எதையாவது அழிக்காமல் விட்டுவிடப் போகிறான்.